எங்க ஆயாவை நாங்களே கேக்குறோம்: பழங்குடி இளைஞர்களும் ஆவணப்படமும் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நான் சாலிகிராமத்தில் எடிட்டராக வேலை செய்கிறேன். ஏழு வருடமாக, வேலை இல்லாத ஞாயிற்றுக்கிழமைகளில், செங்கல்பட்டு மாவட்டத்து இருளர் குடியிருப்பு ஒன்றுக்குப் போய்ப் பத்துப் பன்னிரண்டு இளைஞர்களோடு உட்காருகிறேன். அவர்கள் தங்கள் ஊரையும் தாங்கள் படித்த பள்ளிக்கூடங்களையும் பற்றிப் படம் எடுக்கிறார்கள். வெட்டி ஒட்டுவதற்கு நான் உதவுகிறேன். சென்னையில் எங்கே அந்தப் படங்களைப் போட்டாலும், விளக்கைப் போட்டதும் ஏறக்குறைய இதே கேள்விகள்தான் வருகின்றன. கல்லூரி மாணவர்கள், ஆசிரியர்கள், உதவ நினைப்பவர்கள், வேறு ஊர்ப் பழங்குடிப் பிள்ளைகள் என்று பலரும் கேட்டவற்றுக்கு இங்கே பதில் எழுதி வைக்கிறேன்.

பழங்குடியா, ஆதிவாசியா, மலைவாழ் மக்களா? எப்படிச் சொல்வது?

அரசு ஆவணங்களில் பட்டியல் பழங்குடியினர். கூடலூர் பக்கம் போனால் ஆதிவாசி என்று அவர்களே சொல்லிக்கொள்வார்கள். 'மலைவாழ் மக்கள்' என்ற சொல்தான் இடிக்கிறது. திருவள்ளூர், காஞ்சிபுரம், செங்கல்பட்டு, விழுப்புரம் மாவட்டங்களில் இருளர்கள் ஏரிக்கரையிலும் வயலோரத்திலும் வாழ்கிறார்கள். "மலையே இல்லாத ஊர்ல நாங்க எப்பிடிக்கா மலைவாழ் மக்கள்?" என்று எங்கள் குழுவில் ஒரு தம்பி கேட்டான். நல்ல வழி, அந்தச் சமூகத்தின் பெயரையே சொல்வது: இருளர், காட்டுநாயக்கர், பணியர், தோடர், கோத்தர், காணி.

தமிழ்நாட்டுப் பட்டியலில் 36 சமூகங்கள் இருந்தன. 2022 டிசம்பரில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய திருத்தத்தால் நரிக்குறவரும் குருவிக்காரரும் சேர்ந்தார்கள். 2011 கணக்கெடுப்பில் தமிழ்நாட்டுப் பழங்குடியினர் 7,94,697 பேர். மாநில மக்கள்தொகையில் 1.1 சதவீதம். இருளர் மட்டும் சுமார் 1.9 லட்சம்.

இதெல்லாம் நீலகிரியிலோ ஜவ்வாது மலையிலோ நடக்க வேண்டியதுதானே? சென்னைக்கு என்ன சம்பந்தம்?

பழைய சம்பந்தம், அவ்வளவு பெருமைப்படக்கூடியதும் அல்ல. எழும்பூர் அருங்காட்சியகத்துக்கு 1885 முதல் 1908 வரை கண்காணிப்பாளராக இருந்தவர் எட்கர் தர்ஸ்டன். தென்னிந்தியச் சாதிகளையும் பழங்குடிகளையும் பற்றி, ரங்காச்சாரியின் துணையோடு, 1909இல் ஏழு தொகுதிகள் வெளியிட்டார். ஆட்களை நிறுத்தி வைத்துத் தலையின் நீளம், மூக்கின் அகலம் என்று கருவியால் அளந்தார். புகைப்படமும் எடுத்தார். அந்தத் தொகுதிகளில் இருளர்களும் இருக்கிறார்கள். பழங்குடி மக்கள் மேல் கேமராவைத் திருப்பும் வேலை இந்த ஊரில் நூறு வருடத்துக்கு மேலாக நடக்கிறது என்று அர்த்தம்.

எங்கள் குழுவை ஒருமுறை எழும்பூருக்குக் கூட்டிப்போனேன். அதற்கு முந்தின வாரம் அந்தப் புத்தகத்தின் பக்கங்களைக் கணினியில் காட்டியிருந்தேன். பார்த்த படத்துக்குக் கீழே சமூகத்தின் பெயர் மட்டும் இருந்தது. கல்லூரியில் இரண்டாம் வருடம் படிக்கிற ஒரு பெண் ரொம்ப நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். "இவங்க பேரு ஏன்கா போடல? யாரோட ஆயாவோ இது" என்றாள். அன்றைக்கு அவர்களே ஒரு விதி வைத்துக்கொண்டார்கள். சம்பந்தப்பட்டவர் வேண்டாம் என்று சொன்னால் தவிர, படத்தில் முகம் தெரிகிற ஒவ்வொருவர் பெயரும் கடைசியில் வரும். ஓரமாக நின்று ஆடு மேய்த்தவர் பெயரும் வரும். பத்து நிமிடப் படத்துக்குப் பெயர்ப் பட்டியல் மட்டுமே ஒன்றரை நிமிடம் ஓடுகிறது. எடிட்டராக எனக்கு அது முதலில் நீளமாகத்தான் பட்டது. இப்போது அதில் ஒரு நொடியைக்கூடக் குறைக்க மனம் வராது.

இவர்கள் படங்களில் 'அடையாளம்' என்று எதைத் தேடுகிறார்கள்?

இந்தக் கேள்வியோடுதான் நானும் போனேன். முதல் நாள் வட்டமாக உட்கார வைத்து, "உங்க அடையாளம்னா என்ன?" என்று கேட்டேன். தங்கள் தெய்வம் கன்னியம்மாவைச் சொல்வார்கள், பாட்டைச் சொல்வார்கள், பாம்பு பிடிப்பதைச் சொல்வார்கள் என்று எதிர்பார்த்தேன். ஒருவன் சட்டைப்பையிலிருந்து ஆதார் அட்டையை எடுத்து நீட்டினான். பக்கத்தில் இருந்தவன், "அதான்க்கா எனக்கு இன்னும் வரல" என்றான். அவன் சொன்னது சாதிச் சான்றிதழை.

தமிழ்நாட்டில் மற்றவர்களுக்குத் தாசில்தார் அளவிலேயே சாதிச் சான்றிதழ் கிடைத்துவிடும். பழங்குடிச் சான்றிதழை வருவாய்க் கோட்டாட்சியர் விசாரித்துத் தர வேண்டும். அப்பாவுக்குச் சான்றிதழ் இருந்தால் பிள்ளைக்கு எளிது. அப்பா பள்ளிக்கூடமே போகாதவர், அவரிடம் ஒரு தாளும் இல்லை என்றால்? அந்தச் சான்றிதழ் இல்லாமல் உதவித்தொகை இல்லை, இட ஒதுக்கீடு இல்லை. பத்தாவது, பன்னிரண்டாவது முடித்த பிள்ளைகள் அந்த இடத்தில்தான் நின்றுபோகிறார்கள்.

எங்கள் குழுவில் ஒருவனை விசாரணைக்குக் கூப்பிட்ட அதிகாரி, "பாம்பு பிடிக்கத் தெரியுமா?" என்று கேட்டிருக்கிறார். அவன் பிளஸ் டூவில் கணினி அறிவியல் படித்தவன். தெரியாது என்று சொன்னால் இருளர் இல்லையோ என்று ஆகிவிடும், தெரியும் என்று சொன்னால் பொய். வீட்டுக்கு வந்து அன்றைக்கு அவன் சாப்பிடவில்லை என்று அவன் அம்மா சொன்னார்கள்.

குழுவின் முதல் படம் அங்கேதான் பிறந்தது. பதினோரு நிமிடம். ஓர் அலுவலகத்துக்கு வெளியே மரத்தடியில் காத்திருக்கும் ஆட்கள், பிளாஸ்டிக் உறையில் மடங்கிய தாள்கள், மத்தியானம் ஆனதும் நிழல் நகரும் திசைக்கே நகர்ந்து உட்காரும் ஒரு தாத்தா. இடையிடையே மாசி மகம். இருளர் குடும்பங்கள் நாலாப் பக்கமிருந்தும் மாமல்லபுரம் கடற்கரைக்கு வந்து, பௌர்ணமி இரவு மணலிலேயே தங்கி, விடியற்காலையில் கன்னியம்மாவைக் கும்பிடுகிறார்கள். கல்யாணம் நடக்கிறது, குழந்தைகளுக்கு மொட்டை போடுகிறார்கள். அந்தக் கடற்கரையில் யாரும் யாரிடமும் சான்றிதழ் கேட்பதில்லை. இரண்டு இடத்தையும் மாற்றி மாற்றி வைத்தது அவர்கள் யோசனை. நான் காத்திருப்பதை முதலிலும் கடற்கரையைக் கடைசியிலும் வைத்திருப்பேன், பார்க்கிறவர்களுக்கு ஆறுதலாக. "அப்பிடி முடிஞ்சிட்டா எல்லாம் சரியாயிட்ட மாதிரி ஆயிடும்க்கா" என்று ஒரு பெண் தடுத்தாள். அவள் சொன்னது சரி.

எந்தப் படம் எடுத்தாலும் பேச்சு கடைசியில் பள்ளிக்கூடத்தில் போய் நிற்கிறதே, ஏன்?

அவர்கள் வாழ்க்கையில் அடிபட்ட இடம் அதுதான். 2011 கணக்குப்படி தமிழ்நாட்டின் எழுத்தறிவு 80 சதவீதம், பழங்குடியினரின் எழுத்தறிவு 54 சதவீதம். இந்த இடைவெளி எப்படி வந்தது என்று கேட்டுத்தான் இரண்டாவது படத்தைத் தொடங்கினார்கள். யாரையாவது நிபுணரைப் பேட்டி காண்போமா என்று கேட்டேன். "நம்ம தெருவுல படிப்ப நிறுத்துனவங்களையே கேப்போம்" என்றார்கள். இருபத்தி மூன்று பேரைக் கேட்டார்கள். ஒவ்வொருவரிடமும் ஒரே கேள்வி: "கடைசியா ஸ்கூலுக்குப் போன நாள் ஞாபகம் இருக்கா?"

எல்லாருக்கும் ஞாபகம் இருந்தது! என்ன சட்டை போட்டிருந்தார்கள் என்பதுகூட. பலருக்கு அது செங்கல் சூளைக்குக் குடும்பத்தோடு கிளம்பிய நாள். அப்பா முன்பணம் வாங்கியிருப்பார். மழை முடிந்து தை மாதம் போனால் ஆடி வரைக்கும் சூளையில் இருக்க வேண்டும். முழுப் பரீட்சை அந்த மாதங்களில்தான் வருகிறது. கொத்தடிமை முறையை 1976லேயே சட்டம் போட்டு ஒழித்தாயிற்று. ஆனால் முன்பணம் என்கிற கயிறு இன்னும் இருக்கிறது. ஒரு பெண்ணுக்கு அது வகுப்பில் ஒரு ஆசிரியர் அவளைப் பெயர் சொல்லாமல் சாதி சொல்லிக் கூப்பிட்ட நாள். வேறொருவனுக்குப் பக்கத்தில் இருந்தவன் "எலி திங்கிறவன்" என்று சொல்லி நகர்ந்து உட்கார்ந்த நாள். இதைச் சொல்லும்போது அவனுக்கு முப்பத்தி நாலு வயது, இரண்டு பிள்ளைகள். குரல் உடைந்தது. கேமரா பிடித்திருந்த தம்பி அதை நிறுத்திவிட்டுப் போய்ப் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டான். அந்தக் காட்சி பாதியிலேயே அறுந்து நிற்கும். அப்படியே விட்டிருக்கிறோம்.

இதே படத்தில் இன்னொரு பகுதி உண்டு. நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்கின் விஷத்தையும் வைத்துத்தான் இந்தியாவில் பாம்புக்கடிக்கான விஷமுறிவு மருந்து செய்கிறார்கள். அதற்கு வேண்டிய விஷத்தில் பெரும்பகுதி நம் கிழக்குக் கடற்கரைச் சாலையில், வடநெம்மேலியில் உள்ள இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கத்திலிருந்து போகிறது. 1972 வன உயிரினச் சட்டத்துக்குப் பிறகு பாம்புத்தோல் வியாபாரம் நின்றுபோய்ப் பிழைப்பு இல்லாமல் தவித்தவர்களுக்காக, பாம்பு ஆய்வாளர் ரோமுலஸ் விட்டேகரின் முயற்சியில் 1978இல் தொடங்கிய சங்கம் அது. பாம்பைப் பிடித்துச் சில வாரம் வைத்திருந்து, விஷம் எடுத்து, திரும்பக் காட்டிலேயே விட்டுவிடுவார்கள். அந்தச் சங்கத்தைச் சேர்ந்த வடிவேல் கோபாலுக்கும் மாசி சடையனுக்கும் 2023இல் பத்மஸ்ரீ கிடைத்தது. அமெரிக்காவின் புளோரிடாவில் பெருகிப்போன பர்மிய மலைப்பாம்புகளைத் தேடிப் பிடிக்க 2017இல் இவர்களைக் கூப்பிட்டார்கள். புழுதியில் ஒரு கோடு, செதிலின் ஒரு துண்டு, எச்சம் இவ்வளவு போதும், பாம்பு எந்தப் பக்கம் போயிருக்கும் என்று சொல்லிவிடுவார்கள்.

படம் எடுத்த பிள்ளைகள் தங்கள் பாடப் புத்தகங்களையெல்லாம் தரையில் பரப்பி, இதில் ஒரு வரியாவது இருக்கிறதா என்று தேடினார்கள். கையில் இருந்த புத்தகங்களில் தடுப்பு மருந்து இருந்தது, விஷமுறிவு மருந்தும் இருந்தது, விஷத்தை எடுத்துக் கொடுக்கிறவர்கள் இல்லை. அந்தத் தேடலையே காட்சியாக வைத்தார்கள். பேச்சே இல்லாமல் இரண்டு நிமிடம் பக்கம் புரட்டும் சத்தம் மட்டும் கேட்கும். கல்வியைப் பற்றி நான் பார்த்த விமர்சனங்களில் எனக்கு மிகவும் பிடித்தது அந்த இரண்டு நிமிடம்தான்.

எல்லாரும் பரம்பரைத் தொழிலுக்கே திரும்பிப் போக வேண்டும் என்கிறீர்களா?

இல்லை. நர்சிங் படிக்க வேண்டும் என்று சொல்கிற பெண்ணிடம் கிழங்கு தோண்டு என்று சொல்ல எனக்கு உரிமை கிடையாது, அவளுடைய ஆயாவும் சொல்ல மாட்டார். தன் ஆயாவுக்கு ஒன்றும் தெரியாது என்று நம்ப வைக்காத பள்ளிக்கூடம் வேண்டும். கேட்பது அவ்வளவுதான்.

எந்த மொழியில் எடுக்கிறார்கள்?

செங்கல்பட்டு, திருவள்ளூர் பக்கத்து இருளர்கள் பேசுவது தமிழ். நீலகிரி இருளருக்குத் தனி மொழி உண்டு. தோடருக்கும் கோத்தருக்கும் அப்படியே. நரிக்குறவர் வீட்டில் பேசும் வாக்ரிபோலி வடக்கத்தி மொழிகளோடு சேர்ந்தது. மொழிச் சிறுபான்மைக் குழந்தைகளுக்குத் தொடக்கப் பள்ளியில் தாய்மொழியில் சொல்லித்தர வசதி செய்ய வேண்டும் என்று அரசமைப்புச் சட்டத்தின் 350ஏ பிரிவு சொல்கிறது. நடைமுறையில் அந்தக் குழந்தைகள் முதல் நாளே புரியாத மொழிக்குள் போய் உட்காருகிறார்கள்.

தமிழ் பேசுகிறவர்களுக்கும் ஒரு சிக்கல் உண்டு. கேமரா ஓடியதும் பிள்ளைகளின் பேச்சு செய்தி வாசிப்பது போல மாறிவிடும். "எமது கிராமத்தில் அடிப்படை வசதிகள்..." என்று ஆரம்பிப்பார்கள். பள்ளிக்கூடம் அவர்கள் நாக்கைத் திருத்திய திருத்தம் அது. நான் ஒன்றும் சொல்வதில்லை. எடுத்ததைப் போட்டுக் காட்டுவேன். அடுத்த தரம் அவர்களே வீட்டுப் பேச்சுக்கு வந்துவிடுவார்கள்.

உலகத்தில் வேறு எங்காவது இப்படிச் செய்திருக்கிறார்களா?

நிறைய. பிரேசிலில் 1986இல் ஆவணப்பட இயக்குநர் வின்சென்ட் கரெல்லி, நம்பிக்குவாரா என்ற பழங்குடி மக்களைப் படம் பிடித்து உடனே அவர்களுக்கே போட்டுக் காட்டினார். தங்களைத் திரையில் பார்த்தவர்களுக்கு, இவ்வளவு துணி உடுத்தியிருக்கிறோமே என்று உறுத்தியது. இருபது வருடமாக விட்டிருந்த, பையன்களுக்கு மூக்கும் உதடும் குத்தும் சடங்கை மறுபடி நடத்தினார்கள். கிராமத்துப் பழங்குடிகளே படம் எடுக்கப் பயிற்சி தரும் பெரிய முயற்சியாக அது பின்னால் வளர்ந்தது.

கனடாவில் கியூபெக் மாகாணத்தில் 2004 முதல் ஓடுகிற வாப்பிக்கோனி என்ற நடமாடும் ஸ்டுடியோதான் எங்களுக்கு அதிகம் உதவிய முன்மாதிரி. ஒரு பெரிய வண்டிக்குள் கேமரா, ஒலிப்பதிவு, எடிட்டிங் எல்லாம் வைத்துக்கொண்டு ஊர் ஊராகப் போய்ப் பழங்குடி இளைஞர்களோடு தங்குவார்கள். தொடங்கியவர் மனோன் பார்போ. அட்டிக்கமெக் சமூகத்தைச் சேர்ந்த வாப்பிக்கோனி அவாஷிஷ் என்ற இளம்பெண் 2002இல் மரம் ஏற்றும் லாரியோடு கார் மோதிய விபத்தில் இறந்துபோனாள். அவள் பெயரைத்தான் வண்டிக்கு வைத்திருக்கிறார்கள்.

அதே கனடாவில், பழங்குடிக் குழந்தைகளைப் பெற்றோரிடமிருந்து பிரித்து உறைவிடப் பள்ளிகளில் அடைத்து, தாய்மொழி பேசினால் தண்டித்த வரலாறு இருக்கிறது. குறைந்தது ஒன்றரை லட்சம் குழந்தைகள் அப்படிப் போனார்கள் என்று 2015இல் உண்மை மற்றும் நல்லிணக்க ஆணையம் சொன்னது. அபெனாகி சமூகத்தைச் சேர்ந்த அலானிஸ் ஒபோம்சாவின் 1971இல் எடுத்த முதல் படமே ஒரு உறைவிடப் பள்ளிக் குழந்தைகளின் கிரேயான் ஓவியங்களை வைத்துச் செய்ததுதான். நம் ஊரிலும் அரசு பழங்குடியினர் உண்டு உறைவிடப் பள்ளிகள் இருக்கின்றன. இரண்டையும் ஒன்று என்று நான் சொல்லவில்லை. இங்கே அந்தப் பள்ளியில் கிடைக்கும் சோறும் படுக்கையும் பல பிள்ளைகளைப் படிப்பில் நிறுத்தி வைத்திருக்கின்றன. ஆனால் ஆறு வயதில் வீட்டைப் பிரிந்த குழந்தையிடம் அதைப் பற்றிக் கேட்க வேண்டியது உண்டு.

பக்கத்திலேயே சொல்வதானால், ஜார்க்கண்டில் குடுக் சமூகத்தைச் சேர்ந்த பிஜு டோப்போ நீண்ட காலமாக ஆவணப்படம் எடுக்கிறார், தேசிய விருதும் வாங்கியிருக்கிறார். வயநாட்டில் பணியர் சமூகத்துப் பெண் லீலா சந்தோஷ், 'கனவு' என்ற மாற்றுப் பள்ளியில் படித்து இயக்குநர் ஆனவர். பணியர் நம் கூடலூரிலும் இருக்கிறார்கள்.

வெளியாட்கள் எடுத்த நல்ல படங்களும் இருக்கின்றனவே?

இருக்கின்றன. முதுமலை யானை முகாமில் காட்டுநாயக்கர் தம்பதியை வைத்து எடுத்த ஆவணக் குறும்படம் 2023இல் ஆஸ்கர் வாங்கியது. வெளியிலிருந்து வருகிறவர்கள் எடுக்கக் கூடாது என்று நான் நினைக்கவில்லை. வெளியாள் கேட்கும் கேள்வி வேறு, பேத்தி கேட்கும் கேள்வி வேறு. நான் கேட்டால் ஆயா "நல்லாத்தாம்மா இருக்கோம்" என்பார். பேத்தி, "நீ ஏன் ஆயா என் அம்மாவ ஸ்கூலுக்கு அனுப்பல?" என்று கேட்டாள். ஆயா வெற்றிலையை மடித்தபடியே கொஞ்ச நேரம் இருந்துவிட்டு, "அனுப்புனேன். வாசல்லயே நிக்க வச்சாங்க. அவளுக்குக் கால் வலிக்கும்னு கூட்டியாந்துட்டேன்" என்றார். அந்தப் பதில் எனக்குக் கிடைத்திருக்காது.

என்ன கேமரா வேண்டும்?

கையில் இருக்கிற போன் போதும். படுக்கை வாட்டத்தில் பிடியுங்கள், ஏரோப்ளேன் மோடில் போடுங்கள், லென்ஸைத் துணியால் துடையுங்கள். நொடிக்கு 25 பிரேம் வைத்தால் டியூப்லைட் வெளிச்சம் துடிக்காது. முழு எச்.டி.யில் ஒரு நிமிடத்துக்கு 100 முதல் 150 எம்.பி. வரை ஆகும், அதனால் கிளம்பும் முன் போனைக் காலி செய்துகொள்ளுங்கள்.

காசு இருந்தால் முதலில் காலர் மைக் வாங்குங்கள். படம் கொஞ்சம் கலங்கினால் பார்த்துக்கொள்வார்கள், பேச்சு கேட்கவில்லை என்றால் எழுந்து போய்விடுவார்கள். கடற்கரைக் காற்றுக்கு மைக் மேல் ஒரு துண்டு கம்பளித் துணி சுற்றினாலே போதும். எடிட்டிங்குக்கு டாவின்சி ரிசால்வ் இலவசப் பதிப்பு இருக்கிறது, ஆனால் கொஞ்சம் வலுவான கணினி கேட்கும். எடுத்ததையெல்லாம் இரண்டு ஹார்ட் டிஸ்கில், இரண்டு வேறு வீடுகளில் வையுங்கள். மழைக்காலத்தில் ஏரி உடைந்து வீட்டுக்குள் தண்ணீர் வரும் ஊர் எங்களுடையது. ஒரு வருடம் எடுத்த பாட்டெல்லாம் அப்படிப் போனது, பாடியவர் இப்போது இல்லை.

சம்மதம் வாங்குவது எப்படி?

கையெழுத்து வாங்குவதை மட்டும் சம்மதம் என்று நினைக்காதீர்கள். எங்கள் ஊரில் தாளில் கைநாட்டு வைத்தால் கடன் என்று பொருள். அதனால் பேச்சிலேயே, கேமராவிலேயே சம்மதம் வாங்குகிறோம். முடித்த பிறகு போட்டுக் காட்டி மறுபடி கேட்கிறோம். "இத எடுத்துரு" என்று சொன்னால் எடுத்துவிடுகிறோம், எவ்வளவு நல்ல காட்சியாக இருந்தாலும்.

குழந்தைகள் விஷயத்தில் சட்டமே இருக்கிறது. பாலியல் குற்றத்துக்கு ஆளான குழந்தை, பாதுகாப்பு தேவைப்படும் குழந்தை, வழக்கில் சம்பந்தப்பட்ட குழந்தை ஆகியோரின் முகமோ பெயரோ பள்ளியோ தெரியக் கூடாது. போக்சோ சட்டமும் 2015 இளைஞர் நீதிச் சட்டமும் அதைச் சொல்கின்றன. சூளையிலிருந்து மீட்கப்பட்ட குழந்தையின் முகத்தைக் காட்டி அழ வைக்கும் படத்தில் நான் கை வைக்க மாட்டேன்.

மூலிகை விஷயத்திலும் கவனம் வேண்டும். 1987இல் அகத்தியர் மலையில் விஞ்ஞானிகளுக்கு வழி காட்டிய காணிகள் களைப்புத் தீர ஆரோக்கியப்பச்சை என்ற செடியின் காயைத் தின்றதிலிருந்துதான் 'ஜீவனி' என்ற மருந்து வந்தது. அதன் உரிமக் கட்டணத்திலும் ராயல்டியிலும் பாதி காணிகளுக்கு என்று பிறகு ஏற்பாடானது. எல்லாருக்கும் அப்படி அமையாது. எந்தச் செடி, எந்த இடம் என்பதை நாங்கள் படத்தில் காட்டுவதில்லை. பாம்புக்கடிக்குக் கை வைத்தியம் என்று எதையும் காட்டுவதும் இல்லை. கடித்தால் அரசு மருத்துவமனை.

படம் யாருக்குச் சொந்தம்?

இதை எல்லாரும் கடைசியில்தான் யோசிக்கிறார்கள். 1957 பதிப்புரிமைச் சட்டப்படி ஒரு திரைப்படத்துக்கு ஆசிரியர் என்பவர் அதன் தயாரிப்பாளர். இயக்கியது பழங்குடிப் பெண்ணாக இருக்கலாம். தயாரிப்பாளர் என்று ஒரு தொண்டு நிறுவனத்தின் பெயரைப் போட்டால், மாற்றி எழுதி வாங்காத வரை உரிமை அங்கே போய்விடும். எங்கள் படங்களில் தயாரிப்பாளர் இடத்தில் அந்த இளைஞர்களின் பெயர்கள் இருக்கின்றன. மூலக் காட்சிகள் இருக்கும் ஹார்ட் டிஸ்க்கும் அவர்களிடம்தான். என்னிடம் ஒரு நகல் இருந்தது, அதையும் போன வருடம் கொடுத்துவிட்டேன்.

பழங்குடி மக்கள் தங்கள் மொழியில் தங்கள் ஊடகத்தை நடத்தலாம் என்று 2007 ஐ.நா. பிரகடனத்தின் 16ஆவது பிரிவு சொல்கிறது. அதற்கு ஆதரவாக வாக்களித்த நாடுகளில் இந்தியாவும் உண்டு.

எங்கே திரையிடுவது? சென்சார் வேண்டுமா?

பொதுமக்களுக்குத் திரையிட 1952 சட்டப்படி தணிக்கைச் சான்றிதழ் வேண்டும், ஆவணப்படத்துக்கும்தான். திரைப்பட விழாக்கள் விலக்கு வாங்கிக்கொள்கின்றன.

எங்கள் முதல் காட்சி எப்போதும் ஊரில்தான். இரண்டு பனைமரத்துக்கு நடுவில் வெள்ளை வேட்டி. ஆட்கள் தங்கள் முகத்தைப் பார்த்துச் சிரிப்பார்கள், இறந்துபோனவர் வந்தால் அழுவார்கள், பேசிக்கொண்டே பார்ப்பார்கள். சென்னை அரங்குகளில் அப்படி ஒரு சத்தமும் இருக்காது. நுங்கம்பாக்கத்தில் ஒரு அரங்கில் திரையிட்டபோது அந்த அமைதியைக் கேட்டுப் பிள்ளைகள் பயந்துபோனார்கள், யாருக்கும் பிடிக்கவில்லையோ என்று.

படம் எடுத்தால் பட்டா வருமா? சான்றிதழ் வருமா?

1966இல் அமெரிக்காவின் அரிசோனாவில், பைன் ஸ்பிரிங்ஸ் என்ற இடத்தில், நவஹோ பழங்குடியினருக்குப் படம் எடுக்கக் கற்றுக்கொடுக்க சோல் வொர்த், ஜான் அடேர் என்ற இரண்டு ஆய்வாளர்கள் போனார்கள். அந்த ஊர்ப் பெரியவர் சாம் யாஸியிடம் விளக்கிச் சொன்னார்கள். அவர் கேட்டுவிட்டு, படம் எடுத்தால் ஆடுகளுக்குக் கெடுதல் வருமா என்றார். வராது என்றார்கள். நன்மை வருமா என்றார். அதுவும் இல்லை என்றார்கள். அப்புறம் எதற்குப் படம் எடுக்க வேண்டும் என்று கேட்டார் அவர்.

இதை எங்கள் குழுவிடம் சொன்னேன். ஆடு வளர்க்கிறவர்கள், அதனால் உடனே பிடித்துக்கொண்டார்கள். நேர்மையாகச் சொன்னால், எங்கள் படத்தால் ஒரு பட்டாவும் வரவில்லை. அலுவலகப் படத்தில் வரும் தம்பிக்குப் பின்னால் சான்றிதழ் கிடைத்தது, அதற்குக் காரணம் அவன் அம்மா பதினெட்டு முறை நடந்தது. ஆனால் அந்தப் பதினெட்டு முறையும் தேதியோடு பதிவாகியிருக்கிறது. இப்போது மனு கொடுக்கப் போகிற பிள்ளைகள் அதைப் பார்த்துவிட்டுப் போகிறார்கள்: எந்தத் தாள் கேட்பார்கள், என்ன கேள்வி வரும், பாம்பு பிடிக்கத் தெரியுமா என்று கேட்டால் என்ன பதில் சொல்வது என்று. படிப்பை நிறுத்திய இருபத்தி மூன்று பேரில் இரண்டு பேர் தனித்தேர்வராகப் பத்தாவது எழுதினார்கள். கேமராவுக்கு முன்னால் கடைசி நாளைச் சொன்னபிறகு அந்த நாளையே நினைத்துக்கொண்டிருந்ததாக ஒருவர் சொன்னார்.

நான் சென்னையில் இருக்கிறேன், படம் எடுக்கத் தெரியும். கற்றுக்கொடுக்க வரலாமா?

வாருங்கள். ஒரு நாள் பட்டறைக்கு வேண்டாம், ஆறு மாதம் ஞாயிற்றுக்கிழமை வர முடியுமா என்று யோசித்துவிட்டு வாருங்கள். முதல் மூன்று வாரம் உங்கள் கேமராவைப் பையிலிருந்து எடுக்காதீர்கள். கதையை நீங்கள் கொண்டுவர வேண்டாம். தாம்பரத்திலிருந்து பேருந்தில் வந்து, இறங்கி இரண்டு கிலோமீட்டர் ஏரிக்கரையில் நடக்க வேண்டும். சாப்பாடு யாராவது ஒரு வீட்டில் கொடுப்பார்கள், மறுக்காமல் சாப்பிடுங்கள்.

வர முடியாதவர்கள், வீட்டில் சும்மா கிடக்கும் மடிக்கணினி இருந்தால் கொடுங்கள். எட்டு ஜி.பி. ராம் இருந்தால் நல்லது, அதற்குக் கீழே என்றால் சப்டைட்டில் தட்டச்சு செய்ய ஆகும். சார்ஜரையும் சேர்த்துக் கொடுங்கள். போன முறை வந்த மூன்று கணினிகளுக்கும் சார்ஜர் இல்லாமல், அதற்காகவே ரிச்சி தெருவுக்கு இரண்டு நடை போக வேண்டியதாயிற்று.